அலசுகல்லுக்குள் இருந்த அலை

என் தங்கமான அக்காவுக்கு,

முதலில் சேதியைச் சொல்லிவிடுகிறேன், இல்லையென்றால் நெஞ்சு வெடித்துவிடும். நீ ஜெயித்துவிட்டாய், அக்கா! நான் தோற்றேன், நம் நெசவுத் தெருவே தோற்றது.

சாயநூல் அலசுகிற நம் பெரிய கல் ஞாபகம் இருக்கிறதா? இல்லாமலா போகும்? அதன்மேல் ஓடும் வரிகள் முப்பாட்டன்மார் நூல் அலசி அலசித் தேய்ந்தவை என்று தெருவே மார்தட்டிக்கொண்டிருந்தது. நீ ஒருத்திதான், “டேய், நந்தியாத்துல தண்ணி மணல வரிவரியா இழுத்து வெச்சிக்கீது, போய்ப் பாரு. அதே வரிதான். இதுவும் மணலா இருந்து கல்லானதுடா” என்றாய்.

“முப்பாட்டன் உழைப்பத் தூக்கித் தண்ணிக்குக் குடுக்கறியா?” என்று முதலில் கத்தியவன் நான். நீயும் உன் மகள் வசந்தாவும் கல் பக்கமே வரக்கூடாது என்று தெருப் பெரியவர் சொல்லிவிட்டார். சாகும்வரை நூல் மூட்டையைத் தலையில் வைத்துக்கொண்டு ஆற்றுக்கு நடந்தாய். தம்பி என்று ஒருவன் இருந்தேனே, உனக்காக ஒரு வார்த்தை பேசினேனா?

போன வாரம் விசைத்தறி இறக்க வந்த லாரி, பின்பக்கமாக வந்து கல்லில் மோதியது. மேலே ஒரு சாண் கனம் பாலாடை மாதிரி கழன்று விழுந்தது. குனிந்து பார்த்தால், அடியிலும் அதே வரி! வெயிலே படாத இடத்தில் எந்த முப்பாட்டன் நுழைந்து நூல் அலசினான்?

நகரி மலையில் கல் ஆராய்ந்துகொண்டிருந்த கல்லூரி வாத்தியாரைக் கையோடு கூட்டிவந்தேன். தடவிப் பார்த்தார். கல் அந்த மலையைச் சேர்ந்ததாம். பூமியில் புல்பூண்டுகூட முளைக்காத காலத்தில், ஆழமில்லாத தண்ணீர் ஆடி ஆடி வரி போட்ட மணலாம். அதன்மேல் மணல் படிந்து, மறுபடி வரி விழுந்து, எல்லாம் இறுகிப்போனதாம்.

இதே பேச்சு எங்கள் தெருவில் முன்பே அடிபட்டது என்றேன். “இத யாருங்க முதல்ல சொன்னது?” என்று கேட்டார்.

“எங்க அக்காங்க. பள்ளிக்கூடத்து வாசல்கூட மிதிக்காதவங்க” என்றேன். அழுதுவிட்டேன், வெட்கமே இல்லாமல்.

பெரியவர் தலையைச் சொறிந்துகொண்டு, “ஆங், ஒத்துக்கறேம்பா. அவ கண்ணுதான் கண்ணு” என்றார். விடுவேனா? திருத்தணி மலை உச்சிக்கே கேட்கிற மாதிரி இன்னொரு தரம் சொல்ல வைத்தேன்.

புதிதாகத் திறந்த வரியின்மேல் இன்னும் யாரும் நூல் வைக்கவில்லை. நான் விடவில்லை. நாளைக் காலையில் அங்கே முதல் நூலை வசந்தாதான் அலசுவாள். மூட்டையை என் தலையில் சுமந்துகொண்டு அவள் பின்னால் நடப்பேன், தெரு முழுக்கப் பார்க்கட்டும்.

தோற்ற சந்தோஷம் தாங்காத,
உன் தம்பி