நானே கட்டி நானே இடித்த படிக்கட்டு

அலபாமா
செப்டம்பர் 14, 1948

அன்பு மகள் வெர்னெல்லுக்கு அப்பா எழுதுவது. இங்கே நான், உன் அம்மா, அவளுடைய முழங்கால் வலி மூவரும் நலம். டெட்ராய்ட் தொழிற்சாலைப் புகையில் நீயும் சுகமாக இருக்கக் கர்த்தரை வேண்டுகிறோம்.

சனிக்கிழமை நம் தியேட்டரைத் திறந்தாயிற்று. கறுப்பர்களுக்குக் கறுப்பன் கட்டிய தியேட்டர் என்று ஊரே புதுச் சட்டை போட்டு வந்தது. உன் அப்பாவின் புத்திசாலித்தனத்தைக் கேள். கொத்தனார் வேலையில் முப்பது வருஷம், ஆனால் நான் உள்ளே போய்ப் பார்த்த தியேட்டர் ஒன்றே ஒன்று, கடைத்தெருவில் இருக்கும் வெள்ளைக்காரர் தியேட்டர், அதுவும் கறுப்பர் கீழே உட்காரக் கூடாதென்று சந்துப் பக்கப் படியேறி நமக்கென்று விட்ட மாடியில் உட்கார்ந்து. தியேட்டர் என்றாலே அப்படித்தான் இருக்கும் என்று நானும் அளவு பிசகாமல் சந்துப் பக்கம் தனிப்படி, மேலே மாடி என்று கட்டிவிட்டேன். ஏழு மாதம் எனக்குக் கல் சுமந்த சர்ச் ஆட்களில் ஒருவருக்கும் உறைக்கவில்லை, எல்லாம் அதே படியேறிய கால்கள்தானே. கீழே நாற்காலிகள் நிறைந்து அறுபது பேர் நின்றார்கள், மேலே எல்லாம் காலி. மாடிக்குப் போங்கள் என்று கெஞ்சினேன். நம் சர்ச் சிஸ்டர் பிராட்நாக்ஸ் தொப்பியைச் சரிசெய்துகொண்டு, "ஏன் லூஷியஸ், கீழ யாருக்கு எடம் புடிச்சு வெச்சிருக்க, வெள்ளக்காரனுக்கா?" என்றாள். சிரித்த சிரிப்பில் என் புதுக் கூரை ஆடியது. இரண்டு மணி நேரம் நின்றே பார்த்தார்கள், ஒருவரும் ஏறவில்லை.

ஒருவன் மட்டும் ஏறினான். விளக்கு அணைந்ததும் கால் பழக்கதோஷத்தில் நடந்திருக்கிறது, பாதிப் படத்தில்தான் தெரிந்தது, சொந்தத் தியேட்டரில் சந்துப்படி ஏறி மாடியில் தனியாக உட்கார்ந்திருக்கிறேன். உன் அம்மா கீழிருந்து, "அங்க என்னத்தத் தொலைச்சீங்க, எறங்கி வாங்க" என்றாள். எனக்கு அழுகை வந்துவிட்டது மகளே. "இனி அந்தப் படிய ஏற மாட்டேம்ப்பா" என்று சொல்லித்தானே நீ ரயில் ஏறினாய். உன்னைத் திரும்ப வரவழைக்கத்தான் இந்தத் தியேட்டரே, அதில் அதே படியை என் கையாலேயே கட்டியிருக்கிறேன். யானை தன் தலையில் தானே மண்ணை வாரிப் போட்டுக்கொண்ட கதைதான்.

நேற்று அந்தப் படியைச் சம்மட்டியால் இடித்துத் தள்ளினேன். என் வேலை உறுதி என்று பீற்றிக்கொள்வேனே, அந்த உறுதி இன்று என் தோளில் வலிக்கிறது. மாடி இப்போது வழியில்லாமல் தொங்குகிறது, புறாக்கள் படம் பார்க்கட்டும்.

வேளைக்குச் சாப்பிடு. குளிர் வருமுன் கம்பளிக் கோட்டு வாங்கிவிடு. கர்த்தர் உன் போக்கையும் வரத்தையும் காப்பாராக. கிறிஸ்துமஸுக்கு வா, நடு வரிசையில் அம்மாவுக்குப் பக்கத்து நாற்காலி உனக்கு. மறக்காதே, இப்போது முன்வாசல் ஒன்றுதான். நானும் அதன் வழியாக நுழையப் பழகிக்கொண்டிருக்கிறேன்.

உன் அப்பா
லூஷியஸ் டாலிவர்