லண்டனிலிருந்து வந்த மூன்று அழைப்புகள்

என் செல்ல அக்கா,

எப்படி இருக்கிறாய் என்று கேட்க வாய் வருகிறது. எந்த மூஞ்சியை வைத்துக்கொண்டு கேட்பது?

நீ லண்டனில் கண் மூடி நாற்பது நாள் ஆகப்போகிறது. நான் வழக்கம்போல காலை பஸ்ஸில் கீரனூரிலிருந்து திருச்சிக்கு டியூட்டிக்குப் போய்வருகிறேன். வார்டில் எல்லாரிடமும் எரிந்து விழுகிறேன். “சிஸ்டர், ஒங்க அக்கா போனதுலேருந்து ஒங்க பக்கத்துல வரவே பயமா இருக்கு” என்று புதிதாகச் சேர்ந்த நர்ஸ் ஒருத்தி முகத்துக்கு நேரே சொல்லிவிட்டாள். சொல்லட்டும்.

உன்னோடு வேலை பார்த்த கயானா நர்சுகளைப் பற்றி நீதான் அடிக்கடி சொல்வாய். தென்னமெரிக்காவிலிருந்து லண்டனுக்கு வந்து, தங்களுக்கென்று ஒரு சங்கம் வைத்திருக்கிறவர்கள். புதுக்கோட்டைச் சீமைக்காரி உன்னையும் அதில் சேர்த்துக்கொண்டார்கள். “இவளுக நம்மாளுகதான்டி. பூட்டன் காலத்துல மெட்ராசுல கப்பலேறி கரும்பு வெட்டப் போனவுக. பேரப் பாரு, பார்வதி வீராசாமி! தமிழ் ஒரு வார்த்தை தெரியாது. மாரியம்மனுக்கு மட்டும் தமிழ்ல பாடுவாளுக, ஒண்ணுக்கும் அர்த்தம் தெரியாது” என்று சிரிப்பாய். சங்கத்தில் யாருக்கு முடியாமல் போனாலும் முறை வைத்துப் போய்ப் பக்கத்தில் உட்காருவார்கள் என்றும் சொல்வாய். நான் எங்கே காது கொடுத்துக் கேட்டேன்?

என் மகள் கல்யாணத்துக்கு நீ வரவில்லை. அந்தக் கோபம் எனக்கு. உன் ஞாயிற்றுக்கிழமை போன் நின்றபோதும், அவளே பண்ணட்டும் என்று வீம்பாக இருந்தேன். நோயை மறைத்துக்கொண்டுதான் நீ வராமல் இருந்தாய் என்று எனக்கு எப்படித் தெரியும்? ஒரு வார்த்தை சொல்லியிருக்கக் கூடாதா, பாவி?

ஒருநாள் பஸ்ஸில் போகும்போது வெளிநாட்டு நம்பரிலிருந்து அழைப்பு. ஒரு பெண் இங்கிலீஷில், உன் அக்கா ஆஸ்பத்திரியில் இருக்கிறாள், அவளோடு பேசு என்றாள். பேர் வீராசாமி என்றாள். தமிழில் பேசு என்றேன், வரவில்லை. பக்கத்து சீட்டு டீச்சர், “கட் பண்ணுங்க மேடம்! இப்படித்தான் சொந்தக்காரங்களுக்கு ஒடம்பு சரியில்லைம்பாங்க, அப்புறம் பேங்க்ல இருக்குறத உருவிருவாங்க” என்றார். “யாருகிட்டடி கதை விடுற?” என்று கத்திவிட்டு வைத்தேன். மறுநாளும் இரண்டு தடவை வந்தது. மூன்றாவது தடவை நம்பரையே பிளாக் செய்துவிட்டேன்.

உனக்கே ஒரு போன் போட்டுக் கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. வீம்பு, அக்கா.

நாலு நாள் கழித்து, நான் வேலை பார்க்கும் ஆஸ்பத்திரியின் நம்பரைத் தேடிப் பிடித்து அந்தப் பார்வதி பேசினாள். அதற்குள் நீ போய்விட்டிருந்தாய்.

உன் இறுதிச் சடங்கை மொபைலில்தான் பார்த்தோம். கயானாப் பெண்கள் வெள்ளைச் சீருடையில் உன்னைச் சுற்றி நின்றார்கள். கடைசி மூன்று நாளும் உனக்கு இங்கிலீஷே வரவில்லையாம். தமிழில் ஒரே பிரார்த்தனையைத் திரும்பத் திரும்பச் சொன்னாயாம். கேட்டுக் கேட்டு மனப்பாடம் செய்திருக்கிறோம் என்றாள் பார்வதி. எல்லாரும் கை கூப்பி, ராகம் போட்டுச் சொன்னார்கள்.

“காலு கொடையுது... புடிச்சு விடு... புடிச்சு விடு...”

இங்கே வீடு நிறைய ஆள். எல்லாருக்கும் அர்த்தம் புரிந்தது. தமிழை அம்மன் பாட்டாக மட்டுமே கேட்டு வளர்ந்தவர்கள், அவர்களை என்ன சொல்ல முடியும்? நீ வலியில் கேட்டிருக்கிறாய், அவர்கள் பக்கத்திலிருந்து கும்பிட்டிருக்கிறார்கள். நான் போனில் ஒரு வார்த்தை பேசியிருந்தால் உன் காலைப் பிடித்துவிட்டிருப்பார்கள்.

மறுநாள் பார்வதி என்னிடம் அர்த்தம் கேட்டாள். பொய் நாக்குநுனி வரை வந்தது. ஆனால் நானும் நர்ஸ், அவளும் நர்ஸ். சொல்லிவிட்டேன். “நான் உன் அக்காவின் கால்மாட்டில்தான் உட்கார்ந்திருந்தேன்” என்றாள். போனை வைத்துவிட்டாள். நான் சொன்னது சரியா, அக்கா? மூன்று நாள் கண் விழித்து உன்னைப் பார்த்துக்கொண்டவளுக்கு இதுதானா நான் கொடுத்த கூலி?

போன வாரம் அவளே கூப்பிட்டாள். அங்கே ஒரு வார்டில் மணமேல்குடிப் பெரியவர் ஒருவர் தமிழில் ஏதோ கேட்கிறார் என்று போனை அவர் வாயருகே வைத்தாள். “இந்த லைட்ட அமத்தச் சொல்லு ஆத்தா, கண்ணு கூசுது” என்றார். சொன்னேன், அணைத்தார்கள். அரை நிமிஷம்கூட ஆகவில்லை. திருச்சி பஸ் ஸ்டாண்டில் அத்தனை பேர் பார்க்க உட்கார்ந்து அழுதேன்.

இனி எந்த நாட்டு நம்பர் வந்தாலும் எடுப்பேன், சோற்றில் கை இருந்தாலும் எடுப்பேன். ஏமாற்றுக்காரன் என்றால் ஏமாந்துவிட்டுப் போகிறேன். அவர்கள் சங்கத்தில் என் பேரையும் எழுதிக்கொள்ளச் சொல்லிவிட்டேன். உன் பேர் இருந்த இடத்தில் மட்டும் எழுத வேண்டாம் என்றேன். அதற்கு எனக்கு யோக்கியதை இல்லை.

நீ கூப்பிட்டும் வராத உன் தங்கச்சி,
மல்லிகா