சீவின ஆடும் சீவாத ஆடும்

அன்பு மகள் தெல்கெர்மாவுக்கு உன் பெரியப்பா ஷாரவ் எழுதிக்கொள்வது. இங்கே மனிதர்கள் எல்லோரும் உயிரோடும் உடம்போடும் இருக்கிறோம், நீயும் அந்தக் கொரியாவில் வேளைக்குச் சாப்பிட்டு, ஈரக் காலோடு நிற்காமல், நல்லபடியாக இருக்க வேண்டும் என்று தினமும் காலையில் முதல் டீயை வானத்துக்குத் தெளிக்கும்போது உன் பெரியம்மா சொல்கிறாள், நானும் பின்னால் நின்று சொல்கிறேன். ஹோட்டல் சலவைக்கூடத்தில் நாள் முழுக்கத் தண்ணீரில் கை வைக்கிறாய் என்று கேள்விப்பட்டதிலிருந்து பெரியம்மா செம்மறியின் வால்கொழுப்பை உருக்கி டப்பாவில் அடைத்து வைத்திருக்கிறாள், இந்தக் கடிதத்தோடு அதுவும் வரும், இரவில் கையில் தேய்த்துக்கொள், அங்கே கடையில் விற்கிற களிம்பெல்லாம் வாசனைத் தண்ணீர். ஃபோன் இருக்கும்போது பெரியப்பா ஏன் கடிதம் எழுதுகிறார் என்று நினைப்பாய். இங்கே ஃபோன் பேச வேண்டுமானால் குன்றின்மேல் ஏறிக் கத்த வேண்டும், கேட்பவர்கள் ஒன்பது பேர் இருப்பார்கள், அதில் உன் அப்பாவும் ஒருவன். இது அவனுக்குத் தெரியாமல் எழுதுகிற கடிதம். நான் நான்காம் வகுப்போடு நின்றவன் என்றாலும் என் கையெழுத்தைப் பார்த்து அந்தக் காலத்து மாவட்ட அதிகாரியே எழுந்து நின்றிருக்கிறார், ஆகையால் படிக்க உனக்குச் சிரமம் இருக்காது.

விஷயத்துக்கு வருகிறேன், வர மனமில்லைதான். வெள்ளை மாசப் புத்தாண்டு கழிந்து ஐந்து வாரம் ஆகியிருக்கும், புல் இன்னும் தலைகாட்டவில்லை, ஆடுகள் எல்லாம் எலும்பும் வயிறுமாக நின்றன, அப்போது ஓச்சிர் என்கிற ரோம வியாபாரி லாரியோடு வந்து இறங்கினான். அவன் சொன்ன விலையைக் கேட்டு எனக்கே தொப்பி சாய்ந்துவிட்டது, போன வருஷத்தைப் போல ஒன்றரை மடங்கு. உனக்குத் தெரியாததா, எங்களுக்கு வருஷத்தில் ஒரே ஒரு முறைதான் கையில் காசு. செம்மறி ரோமத்தை இப்போது யாரும் சீந்துவதில்லை, தோலைக் குழியில் போடுகிறார்கள், வெள்ளாட்டின் கழுத்திலிருந்து வயிறுவரை குளிருக்கு முளைக்கிற அந்த அடிரோமம் ஒன்றுதான் மாவு மூட்டை, பெட்ரோல், பள்ளிக்கூடச் செலவு, பெரியம்மாவின் ரத்தக்கொதிப்பு மாத்திரை எல்லாம். இத்தாலியிலோ எங்கேயோ பெண்கள் கழுத்தில் சுற்றிக்கொள்கிற துணிக்கு நம் ஆடு உடம்பைக் கொடுக்கிறது, அதனால்தான் எல்லாரும் ஆட்டையே பெருக்கினோம், ஒட்டகத்தை விற்றோம், மாட்டை விற்றோம். நான் ஓச்சிரை உட்காரவைத்து மூன்று மணிநேரம் பேசி விலையை இன்னும் ஏற்றினேன். (உன் பெரியம்மா அரைமணி என்பாள், அவள் பாதியில் சாணம் பொறுக்கப் போய்விட்டாள்.) அவன் கடைசியில் கையை விரித்து, "ஷாரவ் அண்ணே, சனிக்கிழமை வரைக்கும்தான் இந்த விலை. அப்புறம் மேல இருக்கறவன் சொல்றதுதான்" என்றான்.

உன் அப்பா தம்தின் எப்படிப்பட்டவன் என்று உனக்கே தெரியும், பத்து முறை யோசிப்பான், பதினோராவது முறை வேண்டாம் என்பான். ஒரு கிடாவைப் படுக்கவைத்துக் கழுத்து ரோமத்தை விரலால் பிரித்துப் பார்த்தான், ரோமம் வேரிலிருந்து கழன்றுவரவில்லை. அதற்குரிய காலம் வர இன்னும் மூன்று வாரம் இருந்தது. "அண்ணே, இன்னும் விடல. இழுத்தா ஆடு கத்துது" என்றான். கத்தினால் கத்தட்டும், நாம் பாடவா சொன்னோம் என்றேன் நான். இலையுதிர்காலத்தில் நீ ஊரோடு வந்துவிடுகிறாய், உனக்கென்று தனிக் கூடாரம் போட வேண்டும், அதற்கு மரச்சட்டமும் கம்பளியும் வாங்கியாக வேண்டும், ஆகையால் உன் அப்பாவின் ஆடுகளை முதலில் சீவுவோம், என் ஆடுகள் காத்திருக்கட்டும், விலை இறங்கினால் நஷ்டம் எனக்கு என்று நான்தான் சொன்னேன். என் வாயால் சொன்னேன். குளிரைப் பற்றி அவன் கேட்டதற்கு, என் முழங்காலைவிடப் பெரிய வானிலை நிலையம் இந்தக் கோபிப் பாலைவனத்தில் கிடையாது, இனி பனி வராது, வந்தால் மீசையை எடுத்துவிடுகிறேன் என்றேன். அவன் சிரித்தான். சிரித்தால் சம்மதித்துவிடுவான், சின்ன வயதிலிருந்தே அப்படி, அது தெரிந்துதான் நான் சிரிக்கவைத்தேன்.

நான்கு நாள் சீவினோம். மூன்று கால்களைச் சேர்த்துக் கட்டிப் படுக்கவைத்து, நானும் உன் அப்பாவும் உன் அம்மாவும் பெரியம்மாவும், கம்பிச் சீப்பு கையோடு ஒட்டிப்போகும்படி சீவினோம். நான் ஒரு நாளைக்கு நாற்பது ஆடு சீவினேன். சரி, இருபது. விடாத ரோமத்தை இழுத்ததால் சில ஆடுகளின் தோல் சிவந்துபோனது, மேலே இருக்கிற முரட்டு மயிர் மட்டும் மிச்சம், அது காற்றை எங்கே தடுக்கும், கையை வைத்தால் விலா எலும்பு அப்படியே விரலில் இடித்தது. உன் அப்பாவின் இருநூற்று நாற்பது ஆடு, அதில் உன்னுடையவை நாற்பத்தாறு, எல்லாம் முடிந்து வெள்ளிக்கிழமை மூட்டை ஏறியது, ஓச்சிர் பேச்சு மாறாமல் காசு கொடுத்தான், உன் அப்பா அன்றைக்கே அவன் லாரியில் டவுனுக்குப் போய் உன் கூடாரத்துக்குச் சட்டமும், ஆரஞ்சு வண்ணம் அடித்த கூரைக்கம்புகளும் வாங்கிக்கொண்டு வந்து இறக்கினான். ஒவ்வொரு கம்பாகத் தடவிப் பார்த்துக்கொண்டிருந்தான். அவ்வளவு சந்தோஷமாக அவனை நான் பார்த்ததில்லை.

ஞாயிறு மதியம் முதலில் மழைதான் வந்தது. ஆடுகள் கிழக்கே மேய்ந்துகொண்டிருந்தன, என் ஆடும் அவன் ஆடும் எப்போதும் போல ஒரே மந்தையாக. மழை நனைத்த பிறகு காற்று திரும்பியது, அரைமணியில் மழை பனியானது, எதிரே நிற்கிற குதிரையின் காது தெரியவில்லை. நானும் உன் அப்பாவும் குதிரையில் போய், காற்றுக்கு முதுகைக் காட்டி ஓடிக்கொண்டே இருந்த மந்தையில் கைக்குக் கிடைத்ததை மடக்கிக் கொண்டுவந்தோம். கொண்டுவந்ததை எல்லாம் கூடாரத்துக்குள் திணித்தோம், கட்டிலின்மேல் ஆடு, அடுப்பைச் சுற்றி ஆடு. இடம் போதவில்லை. உன் அம்மா பெட்டிகளைத் திறந்து இருக்கிற துணியை எல்லாம் எடுத்து வெளியே நின்றவைகளுக்குக் கட்டினாள், போர்வை, உன் அப்பாவின் விழா அங்கி, உன் பள்ளிக்கூடச் சீருடை, வெள்ளைக் கழுத்துப்பட்டியோடு இருக்குமே, அதை ஒரு சினையாட்டுக்குப் போட்டு முன்னங்கால்களைக் கையில் நுழைத்துப் பொத்தானும் போட்டுவிட்டாள். வேறு சமயமாக இருந்தால் அதை வைத்து நான் பத்து வருஷம் கதை சொல்லியிருப்பேன். அந்த ஆடு நின்றபடியே செத்தது.

காற்று ஓய்ந்ததும் மீதியைத் தேடிப் போனோம். பள்ளத்தில் கிடந்தன, ஒன்றின்மேல் ஒன்று ஏறி, சூடு தேடி ஏறியிருக்கின்றன. அந்தப் பள்ளத்தின் விளிம்பில் என் ஆடுகள் நின்றுகொண்டிருந்தன, முதுகில் பனி, உடம்பில் ரோமம், அசைபோட்டுக்கொண்டு. ஒரே மந்தை, ஒரே காற்று. உன் அப்பாவுடையதில் இருநூற்று மூன்று போய்விட்டது, என்னுடையதில் ஒன்பது. உன் நாற்பத்தாறில் மூன்றுதான் மிச்சம் மகளே. உனக்கு மூன்று வயதில் முதல் முடி எடுத்த அன்று நான் கத்தரியால் ஒரு கொத்து வெட்டிவிட்டுக் கொடுத்தேனே ஒரு பெட்டைக்குட்டி (குதிரையும் தருவதாகச் சொன்னேன், அது இன்னும் பாக்கி), அதன் வழி வந்தவை எல்லாம் போய்விட்டன. உன் அப்பா அங்கே நின்று முதலில் செத்ததைப் பார்த்தான், பிறகு நின்றதைப் பார்த்தான், பிறகு என்னைப் பார்த்தான். "உன் ஆடெல்லாம் நிக்குதே, அண்ணே" என்றான். அன்றிலிருந்து என்னிடம் பேசவில்லை.

நான் என்ன சொல்லுவேன். உனக்காகத்தான் முதலில் சீவுகிற முறையை விட்டுக்கொடுத்தேன் என்று அவர்களிடம் சொன்னேன், உன் அம்மா முகத்தைத் திருப்பிக்கொண்டாள். ஆயுள் முழுக்க நான் சொன்னதை எல்லாம் கேட்டுக் கேட்டுச் சிரித்தவர்கள், இதையும் அதில் ஒன்றாகச் சேர்த்துவிட்டார்கள், சிரிப்பு மட்டும் வரவில்லை. மீசையை எடுத்துவிட்டேன், ஏன் எடுத்தாய் என்றுகூட ஒருவரும் கேட்கவில்லை. இதைவிடக் கசப்பு ஒன்று கேள். அந்தப் புயலில் சீவின ஆடு செத்ததைப் பார்த்து நம் பக்கம் எல்லாரும் சீப்பைக் கீழே வைத்துவிட்டதால் ரோமத்துக்குத் தட்டுப்பாடு வந்து விலை ஏறிவிட்டது. காலம் வந்து என் ஆடுகளை நான் சீவியபோது ஓச்சிர் திரும்ப வந்தான், முன்னைவிட அதிகம் கொடுத்தான், மூட்டையைத் தூக்கிக்கொண்டே, "அண்ணே, நீங்க கெட்டிக்காரரு. தம்பிய முன்னால விட்டுட்டு விலைய ஏத்திக்கிட்டீங்க" என்றான். இல்லையப்பா, நான் அப்படி நினைக்கவில்லை என்றேன். கெட்டிக்காரன் என்ற பேரை வாழ்க்கையில் முதல்முறையாக வேண்டாம் என்று சொன்னேன், அவன் அதை அடக்கம் என்று எடுத்துக்கொண்டு முதுகில் தட்டிவிட்டுப் போனான். காசை வாங்கிக்கொண்டேன், மாவு வாங்க வேண்டுமே.

பிறகு என் மந்தையிலிருந்து எழுபது நல்ல பெட்டைகளாகப் பிரித்து உன் அப்பாவின் வாசலுக்கு ஓட்டிக்கொண்டு போனேன். அவன் வெளியே வரவில்லை. உன் அம்மா வந்து, வேண்டாமாம், நாங்கள் டவுனுக்குப் போகிறோம், அங்கே செங்கல் சூளையில் வேலை சொல்லியிருக்கிறார்கள் என்றாள். நாற்பத்தெட்டு வயதில் செங்கல் சுமக்கப் போகிறான். உன்னிடம் சொல்லக் கூடாது, சொன்னால் சம்பாதிக்கிற பெண் மனம் உடைந்துபோகும், இடுப்புவலிக்கு ஆஸ்பத்திரி பக்கத்தில் இருக்கவேண்டும் என்று போகிறோம் என்றுதான் சொல்லப்போகிறோம் என்றும் சொன்னாள். நான் ஆடுகளைத் திருப்பி ஓட்டிக்கொண்டு வந்து, அதில் நாற்பத்தாறைப் பிடித்து உன் பேருக்குரிய வெட்டுக்குறியை அவற்றின் காதில் போட்டேன், இடது காதின் நுனியில் பிளவு, வலது காதின் பின்புறம் ஒரு பிறை. பெரியம்மா காதைப் பிடித்துக்கொண்டாள், நான் வெட்டினேன். இனி அவற்றை நானே என்னுடையவை என்று சொல்ல முடியாது, எவனுக்கும் விற்க முடியாது. வாயால் கொடுத்தால் யாரும் நம்பமாட்டார்கள் என்பதால் கத்தியால் கொடுத்திருக்கிறேன்.

போன செவ்வாய்க்கிழமை அவர்கள் கிளம்பினார்கள். லாரியில் கூடாரத்தைக் கட்டி ஏற்றினார்கள், உன் புதுக் கூரைக்கம்புகளும் மேலே இருந்தன. நாங்கள் அதற்குள் எங்கள் கூடாரத்தை அரைமைல் தள்ளிப் போட்டிருந்தோம், பாதை எங்கள் வாசல் வழியாகத்தான் போகிறது. இடம்பெயர்ந்து போகிறவர்களுக்கு வழியில் இருக்கிற வீட்டார் டீ கொண்டுபோய்க் கொடுக்க வேண்டும், அவர்களும் நிறுத்திக் குடிக்க வேண்டும், பகையாளியாக இருந்தாலும் அதற்கு மாற்றுக் கிடையாது. பெரியம்மா கெட்டிலை எடுத்தாள், நான் தயிர்க்கட்டித் தட்டை எடுத்தேன், பாதையில் போய் நின்றோம். லாரி நின்றது. உன் அப்பா இறங்கினான். இடது கையால் முழங்கையைத் தாங்கி வலது கையால் கிண்ணத்தை வாங்கிக்கொண்டான், மரியாதையில் ஒரு குறைவும் இல்லை. வழியில் பார்க்கிற முன்பின் தெரியாத மனிதரிடம் கேட்போமே, அந்தக் குரலில், "வசந்தம் நல்லா கழியுதுங்களா? மாடு கன்னெல்லாம் சுகமா?" என்று என்னிடம் கேட்டான். என் கூடப் பிறந்தவன், நான் முதுகில் சுமந்து பள்ளிக்கூடத்துக்குக் கொண்டுபோனவன், வாங்க போங்க போட்டுக் கேட்டான். அந்தக் கேள்விக்கு ஒரே பதில்தான் உண்டு, யார் செத்திருந்தாலும் முதலில் அதைத்தான் சொல்ல வேண்டும். நல்லா கழியுதுங்க, எல்லாம் சுகம் என்றேன். நான் சொன்ன பொய்களிலேயே யாரும் சிரிக்காத பொய் அது ஒன்றுதான். குடித்து முடித்துக் கிண்ணத்தைக் கொடுத்தான், ஏறினான், பெரியம்மா லாரிக்குப் பின்னால் பாலைத் தெளித்தாள், நான் தட்டை வைத்துக்கொண்டு நின்றேன். அவன் ஒரு தயிர்க்கட்டிகூட எடுக்கவில்லை.

ஆகையால் மகளே, அவன் உன்னிடம் ஃபோனில் இடுப்புவலி என்று சொன்னால் நீ அதை நம்பின மாதிரியே கேட்டுக்கொள், குறுக்கே பேசாதே, அவனுக்கு மிச்சம் இருப்பது அந்த வார்த்தை மட்டும்தான். இலையுதிர்காலத்தில் வருவதா வேண்டாமா என்று நான் சொல்லமாட்டேன், யோசனை சொல்வதை இந்த வருஷத்தோடு விட்டுவிட்டேன். வந்தால் உன் ஆடுகள் இங்கே இருக்கும், வராவிட்டாலும் உன் ஆடுகள்தான், குட்டிக்கும் அதே வெட்டுத்தான் போடுவேன். உன் காலுக்குக் கீழே பூமி கெட்டியாக இருக்கட்டும், உன் பானையில் கொழுப்பு மிதக்கட்டும், வேற்று ஊர்க்காரர்கள் உன்னிடம் மெதுவாகப் பேசட்டும். கொழுப்பு டப்பாவை வெயிலில் வைக்காதே. பதில் எழுதினால் பெரியம்மா பேருக்கு எழுது. நான் உனக்காகத்தான் முதல் முறையை அவனுக்கு விட்டேன் என்பதை நீயாவது நம்புகிறாயா என்று அதில் ஒரு வரி போடு. நம்பவில்லை என்றால் அதையும் போடு, மழுப்பாதே.

இப்படிக்கு,
உன் பெரியப்பா
ஷாரவ்