ஆளுக்குப் பதினாறு அடி

தூத்துக்குடி
ஆறாம் தேதி, வியாழக்கிழமை

கிளாடிஸ்,

வேண்டிய அளவுக்கு மேலேயே வாயை மூடிக்கொண்டிருந்துவிட்டேன். இருபத்திரண்டு வருடம் உன்னோடு பேசவில்லை. நான் சொல்ல வந்தது அதை அல்ல. கடந்த ஏழு மாதமாக ஒரு விஷயம் எனக்குத் தெரியும்; தெரிந்தும் சொல்லாமல் இருந்தேன். அதைச் சொல்லத்தான் இந்தக் கடிதம்.

நீயும் உன் மகள் ஸ்டெபியும் சுகம் என்று நம்புகிறேன். இங்கே நானும் என் மனைவி மரியசெல்வியும் சுகம். எனக்குச் சர்க்கரை இருக்கிறது. துறைமுகத்துக்கு வெளியே அதே கிளியரிங் ஆபீஸில்தான் இன்னும் வேலை பார்க்கிறேன். கப்பலில் வரும் சரக்குக்குக் காகிதம் தயார் செய்கிற வேலை. எம்.ஏ. வரலாறு படித்தவனுக்கு அதற்கு மேல் எதுவும் கிடைக்கவில்லை.

அது ஏன் கிடைக்கவில்லை என்பதை நான் மறக்கவில்லை. நீ மகாராஜாவோடு போன மாதம்தான் எனக்கு நம் கோயில் பள்ளிக்கூடத்தில் வாத்தியார் வேலைக்கு நேர்முகம் நடந்தது. “வீட்டை முதல்ல சரி பண்ணிட்டு வாங்க தம்பி, பொறவு பாப்போம்” என்று அனுப்பிவிட்டார்கள். நீ ஆற்றங்கரை ஊர் வேறு சாதிப் பையனைக் கட்டியதற்கும் நான் பிள்ளைகளுக்கு வரலாறு சொல்லிக்கொடுப்பதற்கும் என்ன தொடர்பு என்று அவர்களிடம் கேட்டிருக்க வேண்டும். கேட்காமல் உன்மேல் கோபப்பட்டேன். அந்தக் கோபம் இன்னும் போகவில்லை. மன்னித்து எழுதுகிறேன் என்று எடுத்துக்கொள்ளாதே.

நம் வீட்டு விஷயத்துக்கு வருகிறேன். அம்மாவுக்குப் பின் அப்பாவும் இறந்து நான்கு வருடம் ஆகிறது. அடுத்த வருடமே மனுவேல் அண்ணன் பாகம் பிரிக்க வேண்டும் என்றான். வீட்டை இடித்துவிட்டு மனையை இரண்டாகப் பிரிப்பதாகப் பேச்சு. மனை உனக்கு ஞாபகம் இருக்கும். தெருப் பக்கம் நாற்பத்தெட்டு அடி. வடக்குச் சுவர் நேராகப் பின்னால் எண்பது அடி போகிறது. தெற்கே உப்பு மூட்டை அடுக்குகிற கிட்டங்கியின் சுவர் சாய்வாக வந்து அதே மூலையில் சேர்கிறது. அது தொண்ணூற்று மூன்று அடி. ஆக மொத்தம் ஒரு முக்கோணம்.

தெருப் பக்கத்தின் நடுவிலிருந்து பின் மூலைக்கு ஒரு கோடு போட்டால் ஆளுக்குப் பாதி என்றேன். வடபாதி அண்ணனுக்கு, தென்பாதி எனக்கு. அவன் கயிறு பிடித்து அளந்தான். என் பாதியின் பக்கங்கள் நீளமாக வந்தன. தெருவே கேட்கிற மாதிரிக் கத்தினான். “ஏலே, படிச்சவன் படிச்சவன்னு சொல்லியே எல்லாரையும் ஏச்சுப்புட்ட. கயித்தப் பிடிச்சுப் பாரு, ஒன் பக்கம் பதிமூணு அடி கூட வருது. எனக்கு இருபத்தேழு அடி முகப்பு விட்டாத்தான் சரியாவும்” என்றான். மூன்று அடிக்காகத்தான் கோர்ட்டுக்குப் போனான் என்றால் நீ நம்பமாட்டாய். போனான். அவன் வாதி, நான் பிரதிவாதி.

எனக்கும் உள்ளூரச் சந்தேகம்தான். கண்ணுக்கு என் பாதி பெரிதாகத்தான் தெரிந்தது. கணக்கைப் பள்ளிக்கூடத்தோடு விட்டவன் நான். பழைய புத்தகக் கடையில் ஒன்பதாம் வகுப்பு, பத்தாம் வகுப்புக் கணக்குப் புத்தகங்களும், பக்கத்துக் கடையில் ஒரு ஜியாமெட்ரி பாக்ஸும் வாங்கினேன். கடைக்காரர், “எத்தனாம் கிளாஸ் பிள்ளைக்கு அண்ணாச்சி?” என்று கேட்டார். பிள்ளை இல்லாதவன் என்ன சொல்வது. பத்தாம் கிளாஸ் என்றேன்.

மதியச் சாப்பாட்டு நேரத்தில் ஆபீஸிலேயே உட்கார்ந்து முதல் பாடத்திலிருந்து போட்டுப் பார்த்தேன். கோணத்தை இரண்டாக வெட்டுவது, குத்துக்கோடு வரைவது, நடுக்கோடு வரைவது. காம்பஸ் முள் பேப்பரில் நிற்காமல் வழுக்கிக்கொண்டே இருந்தது. மூன்றாவது வாரம் தேற்றம் புரிந்தது. ஒரே கோட்டில் அடிப்பக்கம் சமமாக இருந்து, உச்சி ஒன்றாக இருந்தால், இரண்டு முக்கோணத்துக்கும் பரப்பு ஒன்றுதான். பக்கம் எவ்வளவு சாய்ந்தாலும் நீண்டாலும் சரி. இருபத்துநான்கு அடி முகப்பு, எண்பது அடி உயரம், ஆளுக்குத் தொள்ளாயிரத்து அறுபது சதுர அடி. நிரூபித்து முடித்ததும் சந்தோஷம் வரும் என்று எதிர்பார்த்தேன். ஒன்றும் வரவில்லை. பாக்ஸை மூடிவிட்டு ஒரு பருப்பு மூட்டைக் கப்பலின் காகிதத்தை எடுத்துப் பார்க்க ஆரம்பித்தேன்.

அதே நோட்டின் பின்பக்கத்தில் இன்னொரு பாடமும் நடந்தது. பிராதில் இருந்த சொற்கள் எனக்குப் புரியவில்லை. என் வக்கீலின் ஜூனியர் சரண்யாதேவி என்ற பெண், சின்ன வயதுதான், பொறுமையானவள். நான் கேட்கக் கேட்க அர்த்தம் சொன்னாள், எழுதிக்கொண்டேன். தாவா சொத்து என்றால் வழக்கில் இருக்கிற சொத்து. எதிருரை என்றால் என் பதில். பிரமாணப் பத்திரம் என்றால் சத்தியம் செய்து எழுதிக்கொடுப்பது. அதில் பொய் இருந்தால் தண்டனை உண்டு. முன்பக்கம் முக்கோணம், பின்பக்கம் சட்டம். மரியசெல்வி நோட்டைப் புரட்டிப் பார்த்துவிட்டு, “இந்த வயசுல ரெண்டு பரீட்சை எழுதப் போறியளோ?” என்று கேட்டாள்.

போன ஆடி மாதம் சரண்யாதேவி சொன்ன ஒரு சொல்லில்தான் எல்லாம் நின்றது. அவசியத் தரப்பினர். பாக வழக்கில் பங்கு உள்ள எல்லாரும் அவசியத் தரப்பினர், ஒருவரை விட்டாலும் வழக்கு சரியில்லை என்றாள். “கிறிஸ்தவங்களுக்கு அப்பா சொத்துல ஆண், பெண் எல்லாருக்கும் சம பங்கு சார். உங்களுக்கு அக்கா தங்கச்சி யாருமில்லையே?” என்று கேட்டாள்.

இல்லை என்றேன்.

யோசித்துச் சொன்ன பொய் என்று நினைக்காதே. வாய் பழகியிருந்தது. அப்பா இறந்ததும் வாரிசுச் சான்றிதழ் வாங்கத் தாலுகா ஆபீஸுக்குப் போனோம். அங்கே கேட்டதற்கு மனுவேல், “பொம்பளப் பிள்ள கெடையாது” என்று சொல்லிவிட்டான். வாரிசுகள் நாங்கள் இருவர் மட்டுமே என்று பிரமாணப் பத்திரம் டைப் செய்து வந்தது. அவன் கையெழுத்துப் போட்டான், கீழே நான் போட்டேன். பேனா கூட அவனுடையதுதான்.

அவனைத் திருடன் என்றும் சொல்ல முடியவில்லை. நம் தெருவில் யாரைக் கேட்டாலும் அதைத்தான் சொல்வார்கள். பெண்ணுக்கு நகை போட்டுக் கோயிலில் தாலி கட்டிக் கொடுத்தால் வீட்டில் அவள் பங்கு முடிந்தது. சட்டம் அப்படி இல்லை என்று எந்த வீட்டிலும் யாரும் பார்த்ததில்லை. உனக்கு நகையும் போடவில்லை, கோயிலும் இல்லை. கிராம்பு அளவு தங்கம்கூட இந்த வீட்டிலிருந்து உனக்கு வரவில்லை. தெருக் கணக்குப்படி பார்த்தாலும் உன் பங்கு அப்படியே கிடக்கிறது. இதை நான் மனுவேலிடம் சொல்லவில்லை. இப்போது உன்னிடம் சொல்கிறேன்.

இரண்டு மாதம் முன்பு கோர்ட் அனுப்பிய கமிஷனரும் சர்வேயரும் வந்து மனையை அளந்தார்கள். சர்வேயர், “ரெண்டும் ஒண்ணுதான் அண்ணாச்சி” என்றார். மனுவேல் விடவில்லை. “ஒண்ணுன்னா நீரே மாத்திக் குடும்வே, அவன் பக்கத்த எனக்குத் தாரும்” என்றான். சர்வேயர் சிரித்துவிட்டு, தாராளமா எடுத்துக்கிடுங்க, சார் சரின்னா எனக்கென்ன என்று என்னைப் பார்த்தார். சரி என்றேன். தென்பாதி கிடைத்ததும் அவன் முகத்தில் ஒரு வெற்றி. மூன்று வருட வழக்கு அதோடு முடிந்தது. சமரச மனு எழுதிவிட்டார்கள். வரும் இருபத்தோராம் தேதி நீதிபதி அதைப் பதிவு செய்து தீர்ப்பாணை தருவார். அடுத்த மாதமே மனுவேல் தன் பாதியைக் கிட்டங்கிக்காரருக்கு விற்கிறான், பேசி முடித்துவிட்டான். விற்றபின் நீ வந்தால் முன்பின் தெரியாத ஆளோடு வழக்காட வேண்டியிருக்கும். அதற்கு உனக்கு எத்தனை வருடம் ஆகும் என்று சரண்யாதேவியிடம் கேட்டேன், வேறு யாருக்கோ கேட்பது மாதிரி. அவள் உதட்டைப் பிதுக்கினாள்.

திருப்பூரில் நீ இருக்கும் நிலைமை எனக்குத் தெரியும். மரியசெல்வி உன்னோடு போனில் பேசுகிறாள். நான் கண்டுபிடித்துக் கேட்டபோது, “ஒங்களுக்குத் தங்கச்சி இல்லன்னா போவுது. எனக்கு அவ இருக்கா. நான் பேசத்தான் செய்வேன்” என்றாள். மகாராஜா இறந்த செய்தியையும் அவள்தான் சொன்னாள். அன்றைக்கு நான் வழக்கம்போல ஆபீஸ் போனேன். பனியன் கம்பெனியில் நின்றே வேலை பார்த்து உன் கால் வீங்கியிருப்பதையும், இருக்கிற ஒற்றை அறையைக் காலி செய்யச் சொல்லிவிட்டதையும், வயசுப் பிள்ளையை வைத்துக்கொண்டு வேறு இடம் கிடைக்காமல் நீ அலைவதையும் சொன்னாள். இந்தச் சங்கதியை அவளையே போனில் சொல்லச் சொல்லியிருக்கலாம். செய்தது நான், அவள் வாயால் நீ கேட்க வேண்டாம். நான் எடுத்துப் பேசினால் பழைய கதையில் போய்ச் சண்டையில் முடியும்.

அப்பா அடக்கத்தன்று நீ கல்லறைத் தோட்டத்து வாசலில் பிள்ளையைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றாய். நான் பார்த்தேன். பார்க்கவில்லை என்று நீ நினைத்துவிடக் கூடாது. பார்த்துவிட்டுத்தான் அந்தப் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

நேற்று மறுபடி மனையை வரைந்தேன். நாற்பத்தெட்டு அடியை மூன்றாகப் பிரித்து, இரண்டு புள்ளியிலிருந்தும் பின் மூலைக்குக் கோடு போட்டேன். ஆளுக்குப் பதினாறு அடி முகப்பு, அறுநூற்று நாற்பது சதுர அடி. மூன்றும் மூன்று விதமாகச் சாய்ந்திருக்கும், அளவில் ஒன்றுதான். படத்தை இதோடு வைத்திருக்கிறேன். ஒரு அறை, சமையல்கட்டு, குளியலறை தாராளமாகக் கட்டலாம். எந்தப் பங்கு என்பதை நீயே கேட்டு வாங்கிக்கொள். நடுப் பங்கு மட்டும் வேண்டாம், இரண்டு பக்கமும் சுவராக இருக்கும், காற்று வராது.

உன் ஞானஸ்நானப் பதிவின் நகலும் இருக்கிறது. அப்பா பெயர், அம்மா பெயர், தேதி எல்லாம் தெளிவாக உண்டு. நீ அவருடைய மகள் என்பதற்கு அது போதும் என்கிறார்கள். அதை வாங்க, உனக்கு ஞானஸ்நானம் கொடுத்த பங்குக் கோயில் ஆபீஸுக்குப் போனபோது படிவத்தில் உறவு என்ற கட்டத்தை நிரப்பாமல் கொடுத்தேன். அங்கிருந்தவர் வாங்கிப் பார்த்துவிட்டு, “தங்கச்சிக்கா அண்ணாச்சி? எப்படி இருக்கா?” என்று கேட்டுக்கொண்டே அவராகவே எழுதிக்கொண்டார்.

நீ செய்ய வேண்டியது இதுதான். இருபத்தோராம் தேதிக்கு இரண்டு நாள் முன்பே வந்துவிடு. கோர்ட் வளாகத்திலேயே இலவச சட்ட உதவி மையம் இருக்கிறது, அங்கே போய் ஒரு வக்கீல் கேள். உன்னையும் இந்த வழக்கில் ஒரு தரப்பாகச் சேர்க்கச் சொல்லி மனுப் போடு. வழக்கு எண்ணைப் படத்துக்குக் கீழே எழுதியிருக்கிறேன். மனுவேல் கத்துவான். “ஏளா, எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டு வந்த” என்று கேட்பான். பதில் சொல்லாதே. பிள்ளையையும் கூட்டி வா. மரியசெல்வி உங்களைத் தங்க வைப்பாள். நான் வீட்டில் இருப்பேன், ஆனால் பேசுவேனா என்று தெரியாது. அதை எதிர்பார்த்து வராதே.

மாதா உன்னையும் பிள்ளையையும் கைவிடாமல் காக்கட்டும். வந்துவிடு கிளாடிஸ்.

இதோடு பெயர் எழுதி முடிப்பதுதான் முறை. கால் மணி நேரமாகப் பேனாவைத் திறந்தபடி உட்கார்ந்திருக்கிறேன். கையெழுத்துப் போட்டால், பொய்ச் சத்தியம் செய்தேன் என்று நானே எழுதிக்கொடுத்த மாதிரி ஆகும். வேலையும் போகலாம். பயம்தான் காரணம், வேறு பெரிய காரணம் எதுவும் இல்லை. அண்ணன் என்று மட்டும் எழுதிப் பார்க்கலாம் என்று நினைத்தேன், கை வரவில்லை. உறையில் ஸ்டாம்பு ஒட்டிவிட்டேன். ஆபீஸ் போகிற வழியில் தபால் பெட்டி இருக்கிறது. கையெழுத்துப் போடாமலே இதைச் சேர்த்துவிடுகிறேன். யார் எழுதியது என்று கேட்டால் தெரியாது என்று சொல்லிவிடு. இருபத்தோராம் தேதியை மட்டும் தவறவிடாதே.