நீங்கள் கேட்காமல் போன முடிவு

அக்கா,

பக்கத்து வீட்டில் நுளம்புக்கு வேப்பிலை போட்டுப் புகைக்கிறார்கள். பச்சை இலை எரியும் அந்தக் கசப்பு நெடி யன்னலால் வந்து என் மேசையில் குந்திவிட்டது. எழுந்து போய் யன்னலைச் சாத்தினேன். பிறகு நானே திறந்துவிட்டேன். இடம்பெயர்ந்து போய் இருந்த துணுக்காயில் உங்கள் கொட்டில் முழுக்க இந்த நெடிதானே. நுளம்பு போனதோ இல்லையோ, எங்கள் கண்தான் எரிந்தது. இனி இன்றைக்கு எனக்கு வேலை ஓடாது. அதனால் உங்களுக்கு எழுதுகிறேன், எழுத்து வாசிக்கத் தெரியாத உங்களுக்கு.

இப்போது என்னைச் சரித்திர நாவலாசிரியை என்கிறார்கள். மேடையில் கதிரை போட்டு இருத்துகிறார்கள். கிளிநொச்சியில் நீங்கள் என்னை அறிந்தபோது நான் பள்ளிக்கூடத்தில் சரித்திரம் படிப்பிக்கிற ஒரு சிடுமூஞ்சி. கொழும்புப் பத்திரிகை ஒன்றில் ஏதோ ஒன்றிரண்டு சிறுகதை வந்திருந்தது. அந்தத் தலைக்கனத்தில், இருநூறு வருசத்துக்கு முந்திய ஒரு வன்னிச் சிற்றரசனையும் அவன் மனைவியையும் வைத்து நாவல் எழுதத் தொடங்கியிருந்தேன்.

நீங்கள் பக்கத்து வளவு. தேயிலைத் தோட்டத்திலிருந்து கலவரத்தில் அடிபட்டு வந்து, புருசனோடு காடு வெட்டிக் குடியேறியவர். பின்னேரங்களில் என் குசினி வாசலில் இருந்து கீரை ஆய்ந்தபடி, நான் எழுதியதை வாசிக்கக் கேட்பீர்கள். மற்ற டீச்சர்மாருக்கு வாசித்தால் கொட்டாவி விடுவார்கள். நீங்களோ, "அந்தத் தம்பிக்காரன நம்பாதீங்க டீச்சர், அவன் முழியே சரியில்ல" என்று எனக்கே புத்தி சொல்வீர்கள். எழுத்தில் எனக்குக் கிடைத்த முதல் சந்தோசம் அதுதான்.

அந்த நாள்களில் எங்கள் சனம் பெறுமதியான எதையும், ஷெல்லடிக்குப் பதுங்க வளவில் வெட்டிய பங்கருக்குள்தான் வைக்கும். காணி உறுதி, தாலிக்கொடி, பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழ். நானும் நாவலைப் பொலித்தீனால் சுற்றி, பிஸ்கற் தகரத்தில் போட்டு, பங்கரின் மண்மூட்டைகளுக்கு இடையில் செருகி வைத்தேன். ஷெல் விழுந்து ஊரே றோட்டில் இறங்கிய காலையில் அரிசி எடுத்தேன், சட்டி எடுத்தேன், கம்பி முறிந்த குடை ஒன்றையும் எடுத்தேன். தகரத்தை விட்டுவிட்டேன். அவ்வளவு பத்திரமாக வைத்த சாமான் யாருக்கு ஞாபகம் வரும்? அக்கராயன் தாண்டித்தான் நினைவு வந்தது. திரும்பி ஓடப் பார்த்த என்னைச் சட்டையில் பிடித்து இழுத்து, "உசிரு முக்கியமா, தாளு முக்கியமா?" என்று கத்தினீர்கள். தாள்தான் என்று நானும் கத்தினேன். அன்றைக்கு எனக்கு அது உண்மையாகத்தான் இருந்தது.

துணுக்காயில் கிடுகுக் கொட்டிலுக்குள் சுவரைப் பார்த்தபடி கிடந்தேன். சோறு இறங்கவில்லை. தாய் தகப்பன் இல்லை, கலியாணம் இல்லை, என்னுடையது என்று இருந்தது அந்த நாவல் ஒன்றுதான். அதுவும் போனபின் ஏன் இருக்கவேண்டும் என்றுதான் யோசித்தேன். நீங்கள் வந்து பக்கத்தில் குந்தினீர்கள்.

"ஏன் இப்புடிக் கெடக்கிறீங்க? எனக்குத்தான் எல்லாம் ஞாபகம் இருக்கே. எழுதுங்க, சொல்றேன்."

பொருளாதாரத் தடையால் வன்னிக்குள் தாள் வராத காலம். பழைய சோதனை விடைத்தாள்களின் பின்பக்கத்தில் எழுதினேன். நீங்கள் சொல்லச் சொல்ல, செத்த ஆள்கள் எழும்பி வருகிற மாதிரி என் ஆள்கள் ஒவ்வொருவராக வந்தார்கள். ஆனால் வழியில் நீங்கள் கைவைக்காமல் விடவில்லை.

"படை தோத்து வந்திச்சா, அந்தம்மா அடுப்பு மூட்டி எல்லாருக்கும் தேத்தண்ணி ஊத்திக் குடுத்தாங்க."

"ஐயோ அக்கா, அப்ப இஞ்ச தேயிலையே இல்லை. நான் எழுதினது கஞ்சி."

"கஞ்சிக்கு அரிசி எங்க டீச்சர்? ஓடி வந்த சனம்."

"இது என்ர நாவலோ, உங்கட நாவலோ?"

"எழுதுனது நீங்க. கேட்டது நானு."

அன்று முழுக்க நான் முகத்தைத் தூக்கி வைத்திருந்தேன். கஞ்சி என்றுதான் எழுதினேன். நீங்கள் சிரித்துக்கொண்டே எனக்கொரு வெறும் தேத்தண்ணி ஊற்றித் தந்தீர்கள், குடித்தேன்.

பிறகு உங்களுக்குக் காய்ச்சல். மலேரியா. குளிர் பிடித்தால் சாக்கு, பாய், என் சேலை எல்லாவற்றாலும் மூடி, மேலே நான் படுத்தாலும் உங்கள் நடுக்கம் நிற்காது. குளிர் விட்டதும், "எங்க விட்டோம்?" என்பீர்கள். "பேசாமல் படுங்கோ" என்பேன். பேனை என் கையில்தான் இருக்கும். உங்களைக் காப்பாற்றுவதும் கதையைக் காப்பாற்றுவதும் எனக்கு ஒன்றாகிப் போயிருந்தது. மருந்தகத்தில் குளிசை முடிந்துவிட்டது. மல்லாவிக்குச் சைக்கிளில் போனேன், அங்கும் இல்லை. வழி முழுக்க அழுதழுது கடவுளைத் தூசணத்தில் ஏசினேன். அவருக்கு அந்த ஏச்சும் காணாது.

கடைசிக்கு முந்திய அத்தியாயம் வரை சொல்லி முடித்துவிட்டீர்கள். கடைசி அத்தியாயம் உங்களுக்குத் தெரியாது. ஊர் கிளம்பிய கிழமை எழுதியதால் எனக்கு அது மட்டும் பாடமாக இருந்தது, உங்களுக்குத்தான் வாசித்துக் காட்ட முடியவில்லை. கோட்டை விழுந்தபின் அரசனின் மனைவி என்ன ஆனாள் என்பது அதில்தான் இருந்தது.

உங்கள் வீட்டுக்காரர் ஓர் உழவு மெசின் பிடித்து வந்தார். புளியங்குளம் போய், அங்கிருந்து வன்னியை விட்டு வெளியே போகிற பாஸ் காட்டி வவுனியா ஆஸ்பத்திரிக்குப் போவதாக ஏற்பாடு. மெசின் இழுக்கிற பெட்டியில் வைக்கோல் பரப்பி உங்களைக் கிடத்தினோம். நான் குனிந்து, "அக்கா, முடிவைச் சொல்லட்டோ?" என்று கேட்டேன். அந்த நேரத்தில் ஏன் கேட்கிறேன் என்று எனக்குத் தெரிந்தது. உங்களுக்கும் தெரிந்தது.

"சொல்லிப்புடாதீங்க டீச்சர். வச்சிருங்க. அதக் கேக்கவாச்சும் நான் திரும்பி வரணும்ல."

"வருவியளோ?"

"வராம? அந்தம்மா கதி தெரியாம நான் எப்புடி..."

மிச்சம் மெசின் இரைச்சலில் கேட்கவில்லை.

உங்கள் வீட்டுக்காரர் தனியத்தான் திரும்பி வந்தார். "போய்ச் சேந்துட்டோம் டீச்சர். கட்டில்லயும் ஏத்திட்டாங்க. அப்புறந்தான்" என்றவர் வாசலில் அப்படியே இருந்துவிட்டார். ஏன் வேகமாகப் போகவில்லை என்று அந்த மனுசன்மேல் பாய்ந்தேன். என்ன ஞாயம் அது? வழியில் எத்தனை இடத்தில் மறித்திருப்பார்கள்!

நாவல் பிறகு வன்னிக்குள்ளேயே, ஒரு சின்ன அச்சகத்தில், கோடு போட்ட கொப்பித் தாளில் அச்சாகி வந்தது. கடைசி அத்தியாயம் இல்லாமல்தான். முடிவை வாசகரிடம் விட்டது நல்ல உத்தி என்று எழுதினார்கள். உத்தியாம்! அந்த உத்தியால்தான் எனக்குப் பெயர் வந்தது, அடுத்த நாவல்களும் வந்தன. இப்போது புதுப் பதிப்புப் போடுகிற பிள்ளை வந்து, "அம்மா, அந்தக் கடைசி அத்தியாயத்தை இப்பவாவது எழுதித் தாங்கோவன்" என்று நிற்கிறான். எழுதாமல் விட்டேன் என்று நினைக்கிறான். எனக்கு ஒரு வரிகூட மறக்கவில்லை. பஸ்ஸில் போகும்போது, உடுப்புத் தோய்க்கும்போது, வாய்க்குள் சொல்லிப் பார்ப்பேன். வாய்விட்டுச் சொன்னதில்லை.

நீங்கள் வரமாட்டீர்கள் என்று தெரியாமலில்லை. எனக்கென்ன விசரே? ஆனால் அதை இன்னொருவர் கேட்டுவிட்டால், நீங்கள் திரும்பி வருவதற்கு நீங்களே சொன்ன காரணமும் இல்லாமல் போய்விடும். அது எனக்கு ஏலாது, அக்கா.