பாப்பா அவள் அம்மாவிடம் போனாள்

அன்புள்ள மகனுக்கு அப்பா எழுதுவது. இங்கே நானும் உன் அம்மாவும் உடம்புக்கு ஒன்றும் இல்லாமல் இருக்கிறோம், நீயும் அங்கே வேளைக்குச் சாப்பிட்டு சுகமாக இருப்பாய் என்று நம்புகிறேன்.

நேற்று கோர்ட்டில் பழைய உத்தரவை மாற்றிவிட்டார்கள். விவாகரத்தின்போது உன்னிடம் கொடுத்த பிள்ளை இனி அவள் அம்மாவோடுதான் இருப்பாள், பெரிய லீவில் நம் வீட்டுக்கு வருவாள், ஞாயிற்றுக்கிழமைகளில் நீ போனில் பேசலாம். நீ வேலைக்காக அங்கே போனதிலிருந்து பாப்பா எங்களிடம்தானே வளர்கிறாள், அதைச் சொல்லித்தான் மருமகள் கேட்டிருந்தாள், எனக்கு இன்னும் மருமகள் என்றுதான் வாயில் வருகிறது. நீ அடுத்த மாதமே திரும்பி வருவதாகச் சொல்லச் சொல்லி வக்கீல் வழியெல்லாம் பாடம் நடத்தினார். நீதிபதி அம்மா "உங்க மகன் எப்ப வர்றாரு?" என்று கேட்டபோது பாப்பா என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். "தெரியலைங்கம்மா" என்றுதான் சொல்ல முடிந்தது. வக்கீல் தலையில் கை வைத்துக்கொண்டார். பிறகு பாப்பாவைத் தனியாக அழைத்துப் பேசிவிட்டு, அவள் சொன்னதை நீதிபதியே எங்களிடம் சொன்னார். "தாத்தா பாட்டிய ரொம்பப் பிடிக்கும். அப்பா போன்ல இருக்காரு. அம்மாவ கூப்பிட்டா வந்துருவாங்க" என்றாளாம். எனக்கு அழுகையும் வரவில்லை கோபமும் வரவில்லை, காது அடைத்த மாதிரி இருந்தது.

சாயங்காலம் மருமகள் வந்து வாசலிலேயே நின்றாள். உன் அம்மா பாப்பாவின் துணிகளை மடித்துப் பையில் வைத்தாள், வைத்ததை எடுத்து மறுபடி மடித்தாள். "மாமா, கோர்ட்டு சொன்ன நாள்னு பாக்காதீங்க, எப்ப வேணும்னாலும் வாங்க" என்று மருமகள் சொன்னாள், நான் தலையை ஆட்டினேன். கார் தெரு திரும்பியதும் கதவைச் சாத்திவிட்டு வந்து சாப்பிட்டோம், தூங்கவும் தூங்கினோம். இன்று காலை வழக்கம்போலத் தெருமுனைக்குப் போய் நின்றுவிட்டேன், பள்ளிக்கூட வேன் டிரைவர் "என்ன சார், இன்னிக்கு நீங்களே ஏறிக்கிறீங்களா?" என்று கேட்டார், நானும் சிரித்தேன்.

மேல்முறையீடு செய்யலாம் என்கிறார் வக்கீல். அது உன் இஷ்டம், ஆனால் அதற்கு நீ வந்து நிற்க வேண்டும், உனக்குப் பதிலாக இனி நான் நிற்க மாட்டேன். கோபித்துக்கொள்ளாதே. ஞாயிற்றுக்கிழமை மறக்காமல் கூப்பிடு. ஏன் அப்படிச் சொன்னாய் என்று மட்டும் பிள்ளையைக் கேட்டுவிடாதே. அவளுக்குக் கீழ்ப்பல் ஒன்று ஆடுகிறது, அதைப் பற்றிக் கேள், நிறையப் பேசுவாள்.

எங்கே இருந்தாலும் நீ நன்றாக இருக்க வேண்டும்.

உன் அப்பா