கையைப் பிடித்த குற்றம்

மார்ச் 4
வங்கிக்குப் போகாமல் நாற்பது நாள். காசோலையில் இருக்கும் கையெழுத்து சரிதானா என்று பார்க்கிற மேசையில் பதினெட்டு வருடம் உட்கார்ந்தவள் நான். என்மேல் கள்ளக் கையெழுத்து வழக்கு! புகார் கொடுத்தவன் கூடப் பிறந்த அண்ணன். செத்துப்போன அம்மா வீட்டை எனக்கு எழுதிவைத்த பத்திரத்தில் இருப்பது அவள் கையெழுத்தே இல்லையாம். வழக்கு முடியும்வரை வரவேண்டாம் என்று மேலாளர் சொல்லிவிட்டார்.

மார்ச் 9
வக்கீலிடம் ஒன்றுவிடாமல் சொன்னேன். பக்கவாதத்துக்குப் பிறகு அம்மாவுக்குக் கை நடுங்கியது. பெருவிரல் ரேகை போதும் என்றுதான் நானும் சொன்னேன். "கைநாட்டா? முப்பது வருஷம் பிள்ளைங்களுக்கு எழுதச் சொல்லிக் குடுத்தவடி நான்! கையைப் பிடி, எழுதுறேன்" என்றாள். பிடித்தேன். சாட்சிக்கு வந்தவர்கள் முன்னறையில் இருந்தார்கள், அம்மா எழுதியதைப் பார்க்கவில்லை. ஊரார் கையெழுத்தில் எல்லாம் குற்றம் கண்டுபிடிக்கிறவளுக்கு அன்றைக்குப் புத்தி எங்கே போச்சு?

"மேல் கோர்ட்ல வழக்கையே ரத்து பண்ணச் சொல்லி மனு போடுவோம்மா" என்றார் வக்கீல்.

மார்ச் 10
என்னைப் பெத்த அதே வயிறுதானே அவனையும் பெத்துச்சு?

ஏப்ரல் 22
விசாரணை. மொத்தம் ஏழு நிமிடம். கையெழுத்து யாருடையது என்று இங்கே பார்க்க முடியாதாம். கீழ்க் கோர்ட்டில் சாட்சிகளை விசாரித்துத்தான் தெரியுமாம். "கூடப் பிறந்தவங்கதானே, உட்கார்ந்து பேசுங்களேன்" என்றார் நீதிபதி.

வெளியே வந்து வக்கீல் விளக்கினார். கீழ்க் கோர்ட் என்றால் ஆறேழு வருடம் இழுக்கும். அண்ணன் ஆட்சேபணை இல்லை என்று எழுதிக் கொடுத்தால் அடுத்த விசாரணையிலேயே ரத்து.

ஏப்ரல் 27
அண்ணன் வந்தான். வீட்டை அவன் பெயருக்கு மாற்ற வேண்டுமாம்.

"சரி, நான் செய்யலைன்னு எழுதிக் குடு" என்றேன்.

"அதெல்லாம் எதுக்கு? தங்கச்சியாச்சேன்னு மன்னிச்சிட்டேன், விடு."

மன்னிச்சிட்டானாம்! அம்மாவுக்கு ஒரு நாள் படுக்கை விரிப்பு மாத்தியிருப்பானா? ஒரு வாய் கஞ்சி ஊட்டியிருப்பானா? மன்னிக்க வந்துட்டான், பெரிய மனுஷன்.

மே 3
ஒத்துக்கொண்டேன். வீடு போனால் போய்த் தொலையட்டும். எனக்கு என் மேசை வேணும்.

ஜூன் 11
ரத்தாகிவிட்டது. உத்தரவு ஒன்றரைப் பக்கம். இரு தரப்பும் சமாதானமாகிவிட்டதால் வழக்கை ரத்து செய்வதாக இருக்கிறது. மூன்று தடவை படித்தேன். நான் அதைச் செய்யவில்லை என்று ஒரு வரி, ஒரே ஒரு வரி—எங்குமே இல்லை. வக்கீல் வாயெல்லாம் பல்லாக நின்றார். "ஜெயிச்சிட்டோம்மா!"

ஜூன் 12
அண்ணி போன் செய்தாள். எடுக்கவில்லை.

ஜூன் 16
வேலைக்குப் போனேன். மேலாளர் எழுந்து வந்து வரவேற்றார். உத்தரவை வாங்கிப் படித்தார்.

"சமாதானமாப் போயிட்டீங்க, நல்லது. ஆனா பழைய மேசை வேண்டாம்மா. நாலு பேர் நாலு விதமாப் பேசுவாங்க."

மாடியில் பழைய கோப்புகள் இருக்கும் அறையைக் கொடுத்திருக்கிறார்கள். ஒரு மின்விசிறி, ஒரு நாற்காலி.

"நான் செய்யலை சார்" என்றேன்.

"அதான் வழக்கே இல்லையேம்மா" என்றார்.